ஓர நிரைக்காரி

"பயப்படாதே" என்று புத்தி சொல்கிறவர்களைக் கண்டால் எனக்குப் பற்றிக்கொண்டு வரும். பயந்துகொண்டிருப்பவளுக்கு அது தெரியாதா? பல்வலிக்காரனிடம் போய் "வலிக்காமல் இரு" என்று யாரும் சொல்வதில்லை. பயத்துக்கு மட்டும் வருகிறவர் போகிறவரெல்லாம் வைத்தியர். எங்கள் எஸ்டேட்டில் வனிதாவுக்கு இந்த வைத்தியம் பார்க்காத ஆளே கிடையாது. மேஸ்திரி பார்த்தார், பூசாரி பார்த்தார், மளிகைக் கடைக்காரர் உப்பு நிறுத்துக்கொண்டே பார்த்தார். அவள் வீட்டுக்காரர் வடிவேல் காலையும் மாலையும் பார்த்தார். பயம் மட்டும் இருந்த இடத்தைவிட்டு அசையவில்லை.

நான் நடுவட்டம் பக்கத்தில் ஒரு தேயிலை எஸ்டேட்டில் அங்கன்வாடி டீச்சர். வனிதா குடியிருக்கும் லைன் வீட்டு வரிசையில்தான் என் வீடும். இரண்டு வீட்டுக்கும் நடுவே ஒரே சுவர், அதுவும் பேருக்குத்தான். அவள் வீட்டில் என்ன குழம்பு, என்ன சண்டை என்று நான் கேட்டுத் தெரிந்துகொள்ள வேண்டியதில்லை. அவளுக்கு நாற்பது வயது தாண்டிவிட்டது. அப்பா செல்லையா சின்னப் பையனாக சிலோனிலிருந்து கப்பலேறி வந்தவர். இவள் இங்கேயே பிறந்து, தேயிலைக்குள்ளேயே வளர்ந்து, தேயிலைக்குள்ளேயே வேலைக்கும் போனவள். ஒரே மகன் கோயம்புத்தூரில் ஒரு ஒர்க்‌ஷாப்பில் இருக்கிறான்.

வனிதாவுக்குக் கடவுள் கொடுத்தது தொண்டை. மேல் தேயிலைக் காட்டில் நின்று அவள் பேசினால் பேக்டரிக்குள் மெஷின் சத்தத்தில் நிற்கும் வடிவேலுக்குக் கேட்கும் என்று கேலி செய்வோம். அந்தத் தொண்டைக்காகத்தான் அவளுக்கு ஓர நிரை கொடுத்தார்கள்.

கொழுந்து எடுக்கப் போனால் ஆளுக்கு ஒரு வரிசை பிரித்துக் கொடுப்பார்கள். அதுதான் நிரை. சோலைக் காட்டை ஒட்டிய கடைசி வரிசை ஓர நிரை. அங்கே கொழுந்து சுமார், அட்டை ஏராளம். ஆனாலும் அது ஒரு பதவி மாதிரி. காட்டெருமை வந்தால் சோலைக்குள்ளிருந்துதான் வரும், முதலில் பார்க்க வேண்டியவள் ஓர நிரைக்காரி. பார்த்ததும் 'ஹோய்' என்று ஒரு குரல் கொடுப்பாள். அடுத்த நிரைக்காரி திரும்பிப் பார்க்கக் கூடாது. எங்கே, எத்தனை, நிஜமா என்று எதுவும் கேட்கக் கூடாது. அந்தக் குரலை அப்படியே அடுத்தவளுக்குக் கொடுத்துவிட்டு ரோட்டுக்கு ஏற வேண்டும். நின்று விசாரித்துக்கொண்டிருந்தால் அதற்குள் மாடு வந்துவிடும். எங்கள் பெண்கள் மானேஜர் சொன்னதை மீறுவார்கள், டாக்டர் சொன்னதைக் கண்டிப்பாக மீறுவார்கள், இதை மட்டும் மீறி நான் பார்த்ததில்லை.

வனிதாவுக்கு அடுத்த நிரை எப்போதும் இசக்கிக்கு. இசக்கி இவளைவிடப் பத்து வயதாவது மூத்தவள். தாத்தா காலத்தில் திருநெல்வேலிப் பக்கமிருந்து மலையேறிய குடும்பம். வனிதா முதல் முதலில் கொழுந்துக்கு வந்தபோது கூடையைக் கட்டிவிட்டதும் இசக்கிதான், பிரசவத்துக்கு ஜீப் பிடித்துக் கூட்டிப் போனதும் இசக்கிதான். பதினோரு மணிக்கு இரண்டு பேரும் ஒரே தட்டில்தான் சாப்பிடுவார்கள். பேச்சு கறாராக இருக்கும், கொஞ்சல் எல்லாம் கிடையாது. அக்கா தங்கைக்குள் கூட அவ்வளவு ஒட்டுதல் நான் கண்டதில்லை.

போன வருஷம் ஆடி மாதத்தில் அது நடந்தது. மழை நின்று பனிமூட்டம் இறங்கியிருந்த காலை. வனிதா கால் விரலிடுக்கில் ஏறிய அட்டையைப் பிடுங்கக் குனிந்திருக்கிறாள். நிமிர்ந்தபோது காட்டெருமை சோலையைவிட்டு வெளியே வந்து செடிக்குள்ளேயே நின்றதாம். குரல் கொடுத்தாள். எல்லோரும் ஏறினார்கள். இசக்கியும் ஏறினாள், ஆனால் வடிகாலைத் தாண்டும்போது கால் வழுக்கிவிட்டது. மாடு அவளைத் தூக்கிப் போட்டுவிட்டு அந்தப் பக்கமாக இறங்கிப் போய்விட்டது. தொடை எலும்பு முறிந்து, ஊட்டியில் முடியாது என்று கோயம்புத்தூருக்கு அனுப்பி, உள்ளே கம்பி வைத்தார்கள். உயிர் பிழைத்ததே பெரிது.

அதற்குப் பிறகு வனிதா வேலைக்குத் திரும்பினாள். திரும்பிய அன்றே குரல் கொடுத்தாள். எல்லோரும் ரோட்டுக்கு ஓடினார்கள், ஒன்றும் வரவில்லை. போய்விட்டது போலிருக்கிறது என்று இறங்கினார்கள். மத்தியானம் இன்னொரு குரல். மறுநாளும் அப்படியே. மரக்கிளை ஆடினால் குரல், காட்டுக்கோழி பறந்தால் குரல், பிறகு ஒன்றுமே ஆடாமல் இருந்தால் அதற்கும் குரல். சட்டம் சட்டம்தான், யாரும் கேள்வி கேட்காமல் ஒவ்வொரு தடவையும் ஏறி இறங்கினார்கள். வயதான பெண்களுக்கு முழங்கால் வீங்கிவிட்டது. பாதிக் கொழுந்து செடியிலேயே முற்றியது.

எத்தனை நாள்தான் பொறுப்பார்கள்? ஒரு மாலை எடை போடும் இடத்தில் மேஸ்திரி நல்லசாமி எல்லோர் முன்னாலும் சொல்லிவிட்டார். நல்ல மனுஷன்தான், ஆனால் அவருக்கும் மேலே பதில் சொல்ல வேண்டியிருக்கிறது.

"ஏம்மா வனிதா, நீ ஓரத்துல நிக்க வேண்டாம், நடுவுல வந்துக்க. மத்தவங்களும் கேட்டுக்குங்க. இனி வனிதா குரல் குடுத்தா யாரும் நகர வேண்டாம். வேற யாராச்சும் குடுத்தா மட்டும் ஏறுங்க."

ஒருவரும் மறுத்துப் பேசவில்லை. தலையில் கொழுந்துச் சாக்கோடு நின்று அவள் இதைக் கேட்டுக்கொண்டிருந்தாள். தொண்டையால் பேர் வாங்கியவளிடம் உன் தொண்டை செல்லாது என்று சொன்னால் எப்படி இருக்கும்? மறுநாள் போய் நாற்றங்காலில் வேலை கேட்டு வாங்கிக்கொண்டாள். ஆபீசுக்குப் பின்னால், வேலிக்குள் உட்கார்ந்து, பைகளில் மண் நிரப்பும் வேலை. அங்கே மாடு வராது. ஆனால் பயம் வந்தது. கொஞ்ச நாளில் பைப்படிக்குத் தனியாகப் போக மாட்டேன் என்றாள். பிறகு வீட்டுக் கதவைப் பகலிலும் தாழ்போட்டாள்.

இதற்கு நடுவில் இசக்கி ஆஸ்பத்திரியிலிருந்து வீடு திரும்பினாள். அவள் வீடு எங்களுக்குக் கீழ் லைனில், இங்கிருந்து கூப்பிட்டால் கேட்கும் தூரம். எஸ்டேட்டே ஹார்லிக்ஸ் பாட்டிலும் ஆரஞ்சுப் பழமுமாகப் போய்ப் பார்த்துவிட்டு வந்தது. வனிதா போகவில்லை. இன்று போவாள், நாளை போவாள் என்று பார்த்தேன். அவளோ இசக்கி வாசலைத் தாண்ட வேண்டி வரும் என்று கடைக்கே பேக்டரிப் பக்கம் சுற்றிக்கொண்டு போக ஆரம்பித்தாள். மாட்டுக்குப் பயப்படுகிறாள் என்றுதான் ஊரே பேசியது. மாட்டைவிட இசக்கி முகத்துக்கு அவள் பயந்தாள். அந்த வாசலை மிதிக்காமலே காலம் போய்விட்டால் இந்தச் சிநேகிதம் முடிந்தது என்று எனக்குத் தெரிந்தது, அவளுக்கும் தெரிந்திருந்தது. எனக்கு அவள்மேல் பரிதாபமும் வந்தது, கோபமும் வந்தது. எது முதலில் வந்தது என்று சொல்ல மாட்டேன்.

தூக்கம் கெட்டு, பிரஷர் ஏறி, அரசு ஆரம்ப சுகாதார நிலையத்துக்குப் போனபோது டாக்டர் மாத்திரை எழுதிவிட்டு, "வியாழக்கிழமை கவுன்சிலர் ஒருத்தங்க வருவாங்க, பாருங்க" என்றிருக்கிறார். கவுன்சிலர் என்றதும் வார்டு கவுன்சிலர் என்று நினைத்து வடிவேல் வேட்டி சட்டையை எடுத்துத் தேய்த்துவிட்டார். இவர் மனசுக்கு ஆலோசனை சொல்கிறவர் என்று நான்தான் விளக்கிச் சொல்லி, வனிதாவுக்குத் துணையாக பஸ் ஏறினேன்.

மாலதி என்று பேர். குன்னூர்க்காரப் பெண், முப்பது வயதிருக்கும், ஸ்வெட்டரும் மப்ளருமாக ஊசி போடும் அறையின் மூலையில் உட்கார்ந்திருந்தாள். டீச்சர் கூட இருந்தால்தான் பேசுவேன் என்று வனிதா என் முந்தானையைப் பிடித்துக்கொண்டாள். சரி, இப்போது இந்தப் பெண்ணும் 'பயப்படாதே' பாட்டைப் பாடும், நாம் மூன்று மணி பஸ்ஸைப் பிடித்துவிடலாம் என்று நான் நினைத்துக்கொண்டேன்.

அவள் அந்தப் பாட்டைப் பாடவில்லை.

"ஏனுங்க்கா, பயத்த அனுப்பறதுக்கு இதுவரைக்கும் என்னென்ன பண்ணிப் பாத்தீங்க?" என்று கேட்டாள்.

"கயிறு கட்டுனேனுங்க. மாரியம்மனுக்கு வேண்டிக்கிட்டேன். டிவிய சத்தமா வெச்சேன். காட்டுக்குப் போறத நிறுத்துனேன். கீழ் லைன் பக்கமே போறதில்லீங்க."

"பயம் கொறஞ்சுதுங்களா?"

"அப்பத்திக்குக் கொறையும்."

"அப்பறம்?"

"அப்பறம் வேற எடத்துக்கு வந்துருமுங்க. மொதல்ல காட்டுல மட்டுந்தான் இருந்துச்சு. அப்பறம் பைப்படிக்கு வந்துச்சு. இப்ப ஊட்டுக்குள்ளயே வந்து உக்காந்துக்கிச்சு."

"நீங்க விட்டுட்டு வந்த எடத்தையெல்லாம் அது புடிச்சுக்கிச்சு" என்றாள் மாலதி. வனிதா தலையாட்டினாள். இத்தனை மாதத்தில் ஒருவர் சொன்னதற்கு அவள் தலையாட்டியது அதுதான் முதல் தடவை.

"பயத்த வெரட்டறதுக்கு எங்கிட்டயும் மருந்து இல்லீங்க்கா. ஆனா ஒண்ணு கேக்கறேன். பயமே இல்லேன்னு வெச்சுக்குங்க. நாளைக்குக் காலையில எந்திரிச்சு மொதல்ல எங்க போவீங்க?"

ஓர நிரைக்கு என்று சொல்வாள் என்று எதிர்பார்த்தேன். வனிதா யோசிக்கவே இல்லை. "இசக்கி அக்கா ஊட்டுக்கு" என்றாள். சொல்லிவிட்டு உடைந்து அழுதாள். ஊசி போட வந்த குழந்தைகளே அழுகையை நிறுத்திவிட்டு அவளைப் பார்த்தன. இந்தச் சின்னப் பெண் ஒரே கேள்வியில் போய்ச் சேர்ந்த இடத்துக்கு, சுவருக்கு இந்தப் பக்கம் இருந்துகொண்டு இத்தனை நாள் நான் போகவில்லையே என்றிருந்தது.

பிறகு மாலதி வேலையைப் பற்றிக் கேட்டாள். ஓர நிரை, குரல், திரும்பிப் பார்க்கக் கூடாத சட்டம் எல்லாவற்றையும் வனிதா சொன்னாள். சொல்லச் சொல்ல முதுகு நிமிர்ந்தது, பழைய தொண்டை எட்டிப் பார்த்தது. எல்லாவற்றையும் கேட்டுவிட்டு மாலதி மெதுவாகச் சொன்னாள்.

"வெளிய ஒருத்தர் குரல் குடுத்தா திரும்பிப் பாக்காம ஓடோணும், சரிங்க்கா. அது உசுரக் காப்பாத்தும். உங்களுக்குள்ள ஒரு குரல் வருதே, 'மாடு வருது, ஓடு'ன்னு? அதுக்கும் அதே சட்டத்தையே வெச்சிருக்கீங்க. அது கூப்புட்ட ஒடனே ஓடறீங்க. ஒரு தடவகூட நின்னு பாக்கறதில்ல."

அப்போதுதான் வனிதா என் முந்தானையை விட்டாள்.

எங்கள் ஆட்களைத் தவிர வேறு யாருக்கும் இந்தத் தப்பு வராது. கேள்வி கேட்காமல் ஓடி ஓடியே உயிர் பிழைத்தவள், மனசு போடும் கூச்சலுக்கும் அப்படியே ஓடிவிட்டாள். மாலதி கற்றுக்கொடுத்தது இவ்வளவுதான்: 'மாடு வருது' என்று தோன்றினால், "மாடு வருதுன்னு என் மனசு சொல்லுது" என்று சொல்ல வேண்டும். பிறகு கண்ணால் பார்க்க வேண்டும். கால் எங்கே நிற்கிறது, கையில் என்ன இருக்கிறது, காதில் என்ன விழுகிறது. நிஜமாகவே மாடு நின்றால் தாராளமாகக் குரல் கொடுக்கலாம். நிற்காவிட்டால், நெஞ்சு அடித்துக்கொண்டே இருக்கட்டும், கை செய்ய வேண்டிய வேலையைச் செய்யட்டும். பயம் போன பிறகு வாழ்வோம் என்று காத்திருக்காமல், எது வேண்டுமோ அதை நோக்கிப் பயத்தோடேயே ஓர் அடி வைக்க வேண்டும்.

இந்த வைத்தியத்துக்கு ஏற்பு மற்றும் அர்ப்பணிப்பு சிகிச்சை என்று பேராம். கிளம்பும்போது நான் கேட்டதற்கு மாலதி சொன்னாள். நல்ல வேளை, வனிதாவிடம் முதலிலேயே சொல்லவில்லை. சொல்லியிருந்தால் அந்தப் பேருக்கே பயந்து பஸ் ஏறியிருப்பாள்.

அடுத்த நாள் முதல் சுவருக்கு அந்தப் பக்கம் புதுச் சத்தம் கேட்க ஆரம்பித்தது. "கதவ யாரோ தட்டறாங்கன்னு என் மனசு சொல்லுதுங்க." "இசக்கி அக்கா என் மூஞ்சியில காறித் துப்பும்னு மனசு சொல்லுதுங்க." மாலதியிடம் சொல்வதுபோலவே மரியாதையாக, சுவரைப் பார்த்து. மூன்றாம் நாள் வடிவேல் வெளிறிப்போய் என் வாசலில் நின்றார்.

"சுமலதா டீச்சர், இவ தனியாப் பேசறா. அதும் 'ங்க' போட்டுப் பேசறா. என்கிட்டகூட இத்தன வருசத்துல 'ங்க' போட்டதில்ல. பெரிய ஆஸ்பத்திரிக்குக் கூட்டிட்டுப் போகோணுங்களா?"

"வேண்டாங்க. உங்களையும் ஒரு நாள் 'ங்க' போட்டுக் கூப்புடுவா, பொறுமையா இருங்க" என்று அனுப்பி வைத்தேன்.

அடுத்த முறை போனபோது வனிதா எரிச்சலாக இருந்தாள். "நீங்க சொன்னதத்தான் சொல்லிட்டே இருக்கறேன். பயம் இன்னும் போகலியே?" என்று கேட்டாள். மந்திரித்த கயிறு பலிக்கவில்லை என்று பூசாரியிடம் சண்டை போடுகிற மாதிரிதான் கேட்டாள்.

மாலதிக்குச் சிரிப்பு வந்துவிட்டது. "நான் போகும்னு சொன்னேனுங்களா? கயித்த அவுத்துட்டு இதக் கட்டிக்கிட்டீங்க போலிருக்குது. அது போகட்டும்னு சொல்லாதீங்க. வந்திருக்குதுன்னு ஒத்துக்கிட்டு மட்டும் சொல்லிப் பாருங்க. கூட கொஞ்சம் நடந்தும் பாருங்க."

அந்த நடை சுலபமாக நடக்கவில்லை. முதலில் பைப்படிக்குத் தனியாகப் போனாள். குடம் நிரம்பும்வரை நின்றாள், பாதித் தண்ணீரைச் சிந்திக்கொண்டு வந்தாள். ஆனால் போனாள். பிறகு கடைக்கு நேர் வழியில் போக ஒரு நாள் முயன்றாள். இசக்கி வீட்டுக் கூரை தெரிந்ததும் திரும்பி வந்துவிட்டாள். வாரக்கணக்கில் இப்படியே போய்ப் போய்த் திரும்பினாள். ஒரு மாலை வந்து, "இன்னைக்குக் கீழ் லைன் படி வரைக்கும் போயிட்டேன் டீச்சர்" என்றாள். இன்னும் நாலு படிதானே, இறங்கித் தொலைக்க வேண்டியதுதானே என்று எனக்கு நாக்கு துறுதுறுத்தது. அடக்கிக்கொண்டேன். "பயந்துக்கிட்டே போனியா?" என்று மட்டும் கேட்டேன். "பின்ன? செத்துப் போயிருவேன்னே மனசு சொல்லுச்சு" என்று சொல்லிவிட்டு, அதற்கு அவளே கொஞ்சம் சிரித்துக்கொண்டாள்.

மார்கழியில் ஒரு ஞாயிற்றுக்கிழமை, வெயில் நன்றாக ஏறியிருந்த நேரத்தில் என் கதவைத் தட்டினாள். நல்ல சேலை கட்டியிருந்தாள்.

"டீச்சர், கூட வாங்க. ஆனா நீங்க ஒண்ணும் பேசக் கூடாது."

இது எனக்கு எவ்வளவு பெரிய தண்டனை என்று அவளுக்கு நன்றாகத் தெரியும். ஒத்துக்கொண்டேன்.

இசக்கி வாசலில் பிளாஸ்டிக் நாற்காலி போட்டு வெயில் காய்ந்துகொண்டிருந்தாள். மடியில் முறம், முறத்தில் மலைப்பூண்டு. நாற்காலியில் ஊன்றுகோல் சாய்த்து வைத்திருந்தது. எங்களைப் பார்த்ததும் பூண்டு உரிக்கும் கை நின்றது. வா என்று சொல்லவில்லை.

"யாரு? வழி தவறி வந்துட்டாப்பல இருக்குது?"

வனிதா வந்த வழியை ஒரு தடவை திரும்பிப் பார்த்தாள். இப்போது திரும்பி ஓடுவாள், நான்தான் பிடிக்க வேண்டும் என்று தயாரானேன்.

"அக்கா, அன்னைக்கு நான் கொஞ்சம் முந்திக் குரல் குடுத்திருந்தா... அட்டையப் புடுங்கறதுக்குக் குனிஞ்சுட்டேன்..."

"அத நான் கேட்டனா?" இசக்கி முறத்தைக் கீழே வைத்தாள். "மாடு என்னத் தூக்கிப் போட்டுட்டு அது பாட்டுக்குப் போயிருச்சு. அதுக்கு நான் யாரோ. உனக்கும் நான் யாரோவா? ஆஸ்பத்திரியில கெடந்தப்ப யாரு உள்ள வந்தாலும் நீதான்னு தலையத் தூக்கித் தூக்கிப் பாத்தேன். ஊட்டுக்கு வந்தும் அப்பிடித்தான். கடைக்கிப் போறதுக்குக்கூட பேக்டரி வழியாச் சுத்திட்டுப் போறியாமே? தொட எலும்ப டாக்டர் கம்பி வெச்சு ஒட்டிப் போட்டாரு. இத எவன்டி ஒட்டறது?"

வனிதா அழுதாள். ஆனால் அங்கேயே நின்றாள். "ஓடிப் போயிருன்னு மனசு சொல்லுதக்கா. நான் ஓடல, நிக்கறேன்" என்றாள்.

இசக்கிக்கு மாலதியையும் தெரியாது, அவள் வைத்தியத்தையும் தெரியாது. "என்னடி ஒளர்றே?" என்றாள்.

"பயமா இருக்குதக்கா."

"யாரப் பாத்து?"

"உன்னையப் பாத்துத்தான்."

இசக்கி அவளை ஏற இறங்கப் பார்த்தாள். பிறகு காலால் ஒரு மணையைத் தள்ளிவிட்டாள். "உக்காரு. பூண்ட உரி."

உட்கார்ந்தாள். நானும் ஒரு ஓரமாக உட்கார்ந்து, ஒப்பந்தப்படி வாயை மூடிக்கொண்டு பூண்டு உரித்தேன். முறம் பாதி காலியானது. வனிதா தோலோடு பல்லையும் சேர்த்துக் கிள்ளிக்கொண்டிருந்தாள். இசக்கி அதைப் பார்த்தும் பார்க்காததுபோல் இருந்தாள்.

"ஆபீசுல கூப்புட்டு லேசான வேல தர்றேங்கறாங்க" என்று இசக்கியே ஆரம்பித்தாள். "நாத்துப் பைக்கு மண்ணு அள்ளோணுமாம். அதுக்கா நான் பொறந்தேன்? தை பொறந்ததும் காட்டுக்குத்தான் வருவேன்னு சொல்லிப்போட்டேன்."

மண் அள்ளிக்கொண்டிருப்பவள் தலை குனிந்துகொண்டாள்.

"முன்ன மாதிரி ஓட முடியாது. மத்தவங்களுக்கு முன்னாடியே நான் கெளம்பினாத்தான் ரோட்டுக்குப் போயிச் சேருவேன். ஓரத்துல இப்ப யாரு நிக்கறா?"

"ரமேஷ் சம்சாரம்."

"அவளா? அவ போனப் பாத்துக்கிட்டு நிப்பா. அதெல்லாம் ஆகாது. நீ நில்லு."

வனிதா நிமிர்ந்தாள். "நான் குரல் குடுத்தா யாரும் நகரக் கூடாதுன்னு மேஸ்திரி எல்லார்கிட்டயும் சொல்லிட்டாருக்கா. உனக்குத் தெரியாதா? எனக்குப் பயம் போகவே இல்ல. இப்பவும் அப்பிடியேதான் இருக்குது."

"பயமில்லாதவ அங்க நின்னா எனக்கென்னடி பிரயோசனம்?" என்றாள் இசக்கி.

பேசக் கூடாது என்று சொல்லி என்னைக் கூட்டி வந்ததற்கு அந்த நிமிஷம் நான் வனிதாவுக்கு மனசுக்குள் கும்பிடு போட்டேன். பேசியிருந்தால் ஏதாவது நல்ல வார்த்தை சொல்கிறேன் என்று அதைக் கெடுத்திருப்பேன்.

தை மாதம் பிறந்தது. பொங்கல் லீவு முடிந்த முதல் நாள் காலையில், அங்கன்வாடிக்குப் போகிற வழியில் ஆட்கள் கூடும் இடத்தில் நானும் நின்றேன். வேலை இருந்தது என்று பொய் சொல்ல மாட்டேன், வேடிக்கை பார்க்கத்தான் நின்றேன். இசக்கி ஊன்றுகோலோடு வந்தாள். வனிதா நாற்றங்காலை விட்டுவிட்டுக் கத்தரியும் சாக்குமாக வந்து கடைசியில் நின்றாள். முகம் செத்துப்போயிருந்தது. நல்லசாமி நிரை பிரிக்க ஆரம்பித்ததும் இசக்கி குறுக்கே பேசினாள்.

"மேஸ்திரி, ஓரத்துக்கு வனிதா. அவளுக்கு அடுத்து நான்."

"இசக்கி, அவ சங்கதி உனக்குத் தெரியாது. கோயமுத்தூர்ல இருந்தே."

"எல்லாம் தெரியும். சும்மா சும்மா உங்கள மேல ஏத்துனா. தப்புத்தான்." கூட்டத்தைப் பார்த்துச் சொன்னாள். "இனி பாத்துட்டுத்தான் குடுப்பா. அப்பவும் நீங்க நின்னு யோசிக்கறதுன்னா யோசிங்க. இவ குரல நம்பி எறங்கறது நான். ஓட முடியாத காலு என்னுது. உங்களுக்கென்ன?"

நல்லசாமி காதைச் சொறிந்தார், வானத்தைப் பார்த்தார், ரமேஷ் மனைவியைப் பார்த்தார். அவள் சந்தோஷமாக நடு நிரைக்கு நகர்ந்துவிட்டாள். "சரி, போங்க" என்றார். வனிதா சோலைப் பக்கம் நடந்தாள். அவள் போனதை ரோட்டிலிருந்து பார்த்தேன்.

அன்று பூரா எனக்குப் பிள்ளைகளிடம் மனம் செல்லவில்லை. காது தேயிலைக் காட்டுப் பக்கமே இருந்தது. குரல் எதுவும் வரவில்லை. சாயங்காலம் அவள் வரும் வரை வாசலில் நின்று, வந்ததும் வராததுமாகக் கேட்டேன்.

"என்ன வனிதா, பயம் வந்துச்சா?"

"வராம? காலையில இருந்து எடை போடற வரைக்கும் கூடவே நின்னுச்சு டீச்சர். மாடு வருது, மாடு வருதுன்னு அது பாட்டுக்குச் சொல்லிட்டே இருந்துச்சு. நான் நிமிந்து நிமிந்து பாத்தேன். ஒண்ணும் இல்ல. மறுக்காக் குனிஞ்சு கொழுந்தெடுத்தேன்."

"இசக்கி எப்படி இருந்தா?"

வனிதா சாக்கை மடித்துக்கொண்டிருந்தாள். அதைக் கீழே வைத்துவிட்டுச் சொன்னாள்.

"அக்காவா? நாள் பூரா சோலைக்கு முதுகக் காட்டிட்டே நின்னுது டீச்சர்."